ஒத்து ஊதுகிற வேலை

கோரிப்பாளையத்தில் ஒலிப்பதிவுக்கு நல்ல நேரம் இரவு ஒன்றரையிலிருந்து நாலு மணி வரை. ஒன்றரைக்குள் முக்கிலிருக்கும் பரோட்டாக் கடையில் கல்லைச் சுரண்டித் துடைத்துவிடுவார்கள். நாலு மணிக்குப் பால்வண்டி, அதன் பின்னாலேயே பாங்கு, அப்புறம் பாலத்து மேல் முதல் பஸ். இடைப்பட்ட இரண்டரை மணி நேரத்திலும் பெரியாஸ்பத்திரிக்கு ஆம்புலன்ஸ் போகும். அதைக் குறை சொல்ல முடியுமா? மைக்கை மூடிவிட்டுக் காத்திருப்போம்.

தர்காவுக்குப் பின்னாலுள்ள ஒரு சந்தில், மாடியில், எட்டுக்குப் பத்து அறை. ஜன்னலை அடைத்து இலவம்பஞ்சு மெத்தை, கதவுக்கு இரண்டாக மடித்த ஜமக்காளம். ஃபேனை நிறுத்தினால்தான் பதிய முடியும் என்பதால் பங்குனியிலிருந்து ஆவணி வரை எல்லோரும் பனியனோடுதான் வாசிப்போம். மேம்பால வேலை நடந்த காலத்தில் குழி துளைக்கிற இயந்திரத்தின் அதிர்வு காற்றில் வராமல் தரை வழியாக மைக் ஸ்டாண்டில் ஏறியது. டிவிஎஸ் 50 வண்டியின் பழைய ட்யூபில் பாதி காற்றடித்து அதன்மேல் ஸ்டாண்டை நிறுத்தினேன். இன்றைக்கும் அந்த ட்யூப் அங்கேதான் கிடக்கிறது. வீட்டுக்காரர் பாய் ஒருநாள் மேலே வந்து பார்த்துவிட்டு, "ஸ்டுடியோன்னு சொன்னீங்க, பங்க்சர் கடை மாதிரில்ல இருக்கு தம்பி" என்றார்.

நான் படங்களுக்குப் பின்னணி இசை போடுகிறவன். கோடம்பாக்கத்து வழக்கில் 'ஆர்.ஆர்.', அதாவது ரீ-ரெக்கார்டிங். வெளிநாட்டில் இந்தச் சொல்லுக்கு வசனம், சத்தம், இசை மூன்றையும் கலந்து முடிக்கிற வேலை என்று பொருள். நம்மூரில் அது பின்னணி இசைக்கே பெயராக நிலைத்துவிட்டது. என் படங்களின் பெயரைச் சொன்னால் உங்களுக்குத் தெரிந்திருக்காது. இரண்டு தியேட்டருக்கு வந்தன, ஒன்று ஓடிடியில் கிடக்கிறது, மற்றவை விழாக்களுக்குப் போய்விட்டு இயக்குநர்களின் ஹார்டு டிஸ்க்குக்குத் திரும்பிவிட்டன.

முதலில் ஒரு மனக்குறையைச் சொல்லிவிடுகிறேன். சென்னையிலிருந்து வருகிற இளம் இயக்குநர்களில் பத்துக்கு எட்டுப் பேர் கேட்பது ஒன்றுதான்: "அண்ணே, மதுரை ஃபீல் வேணும்." அவர்கள் சொல்லும் மதுரை ஃபீல் உறுமிதான். 'பருத்திவீரன்', 'சுப்ரமணியபுரம்', 'ஆடுகளம்' என்று 2007க்கும் 2011க்கும் இடையில் வந்த படங்கள் ஜெயித்தன. அவற்றைப் பார்த்து வந்த படங்கள் அவற்றின் கதையை விட்டுவிட்டுச் சத்தத்தை மட்டும் எடுத்துக்கொண்டன. உறுமி, தவில், பின்னால் ஒரு ஆம்பளைக் குரல் இழுவை. இன்று கீபோர்டில் ஒரு கட்டையை அமுக்கினால் உறுமி வரும், அடுத்ததை அமுக்கினால் கொத்துப் பரோட்டாத் தாளம் வரும். சென்னையில் உட்கார்ந்தே மதுரையைச் செய்துவிடலாம், எனக்கு ஏன் போன் போடுகிறார்கள்?

உறுமியைப் பழிக்கவில்லை. வளைந்த குச்சியால் அதன் தோலைத் தேய்க்கும்போது வருகிற முனகலைப் பக்கத்தில் நின்று கேட்டவனுக்கு அது அடிதடிச் சத்தமாகத் தோன்றாது. சாமி வருகிற நேரத்துச் சத்தம் அது. ஒரு ஆள் சும்மா டீக்கடைக்கு நடந்து போவதற்கெல்லாம் அதைப் போட்டு, தேய்த்தே தீர்த்துவிட்டார்கள்.

நான் இந்த வேலைக்கு வந்தது லைட் மியூசிக் மேடை வழியாக. கோயில் கொடை, கல்யாண மண்டபம், கட்சி மாநாடு, எல்லாவற்றிலும் கீபோர்டு வாசித்திருக்கிறேன். ராஜா சார் பாட்டின் இடையிசையைப் பிசகாமல் வாசிப்பதுதான் எங்களுக்குப் பரீட்சை. பிறகு 'மறுபக்கம்' அமைப்பு 1998லிருந்து மதுரையில் நடத்திவரும் ஆவணப்பட, குறும்பட விழா ஒன்றில், ஒரு நண்பன் கூப்பிட்டான் என்று போய் உட்கார்ந்தேன். பாதிப் படங்களில் இசையே இல்லை. முதல் நாள் எரிச்சலாக இருந்தது. மூன்றாம் நாள் வீட்டுக்கு வரும் வழியில் ஆற்றுப் பாலத்தில், 1886ல் கட்டிய அதே பாலத்தில், சைக்கிளை நிறுத்திவிட்டுக் காது கொடுத்துக்கொண்டிருந்தேன். லாரி போகும்போது பாலம் ஒரு சுருதியில் இரைகிறது, பஸ் போகும்போது வேறொன்று. இருபது வருஷம் கடந்திருக்கிறேன், கேட்டதில்லை.

பைசா இல்லாத படத்துக்கு இசை போடுவது புதிய விஷயமும் இல்லை. 1960ல் பலர் கூடிப் பங்கு போட்டு எடுத்த 'பாதை தெரியுது பார்' படத்துக்கு இசையமைத்தவர் எம்.பி. ஸ்ரீனிவாசன். சென்னையில் திரை இசைக் கலைஞர்களுக்குச் சங்கம் அமைக்க முன்நின்றவரும் அவர்தான். 1977ல் ஜான் ஆபிரகாமின் 'அக்ரஹாரத்தில் கழுதை'க்கு இசையமைத்ததோடு, கழுதை வளர்க்கிற பேராசிரியராக நடித்ததும் அவரே. 1965ல் ஜெயகாந்தன் தன் 'உன்னைப்போல் ஒருவன்' படத்துக்கு வீணை சிட்டிபாபுவைப் பிடித்தார். 'பதேர் பாஞ்சாலி'க்கு ரவிசங்கர் ஒரே இரவில் இசையை முடித்துக் கொடுத்தார் என்பது எல்லாத் தயாரிப்பாளர்களுக்கும் மனப்பாடம். எனக்கே நாலு பேர் சொல்லியிருக்கிறார்கள். அவர் ரவிசங்கர் என்பதை மட்டும் மறந்துவிடுவார்கள்.

இனி நான் சொல்ல வந்த படம். பெயர் வேண்டாம். பெரியாஸ்பத்திரி மாதிரி ஒரு ஆஸ்பத்திரியில் புருஷனைச் சேர்த்துவிட்டு, பாய் விரித்து வராந்தாவிலேயே பதினோரு நாள் கிடக்கிற ஒரு பெண்ணின் கதை. நிஜ ஆஸ்பத்திரியில் படமெடுக்க முடியாது என்பதால் மூடிக்கிடந்த ஒரு பழைய நர்சிங் ஹோமை வார்டாக மாற்றியிருந்தார்கள். டப்பிங்குக்குக் காசில்லாததால் லைவ் சவுண்டு. எட்டுப் படுக்கை, மேலே நாலு டியூப்லைட், நாலும் பழைய சோக் வைத்தவை.

எடிட் செய்த படம் கைக்கு வந்தபோது முதலில் காதில் விழுந்தது அந்த சோக் சத்தம்தான். நம் நாட்டில் கரண்டு 50 ஹெர்ட்ஸ். ஒரு சுற்றுக்கு இரண்டு தடவை சோக்கின் இரும்புத் தகடுகள் துடிப்பதால், டியூப்லைட் விநாடிக்கு 100 தடவை இரையும். அந்த நூறின் மேலே இருநூறு, முந்நூறு, நானூறு என்று மெல்லிய மடங்குகள் அடுக்கிக்கொண்டு போகும். வார்டுக் காட்சிகள் மொத்தம் 34 நிமிஷம். முப்பத்துநாலு நிமிஷமும் 'ங்ங்ங்' என்று ஒரு கோடு. சத்தத்தை அறுத்தெடுக்கிற மென்பொருளில் போட்டார்கள். இரைச்சல் போனது, கூடவே நாயகியின் குரலின் அடிப்பாகமும் போய், தண்ணீருக்குள்ளிருந்து பேசுகிற மாதிரி ஆகிவிட்டது. விட்டுவிடுவது என்று முடிவானது. "நீங்க மேல மியூசிக் போட்டு மூடிருங்கண்ணே" என்றார் இயக்குநர்.

மூடலாம் என்றுதான் உட்கார்ந்தேன். கீபோர்டில் எதை வைத்தாலும் பல் கூசியது. காரணம் எளிது. அந்த 100 ஹெர்ட்ஸ் எந்தக் கட்டையிலும் நிற்காது. ஐந்து கட்டை 98 ஹெர்ட்ஸ், ஐந்தரை கிட்டத்தட்ட 104. டியூப்லைட் இரண்டுக்கும் நடுவே, ஐந்துக்குக் கொஞ்சம் பக்கமாக உட்கார்ந்திருக்கிறது. நான் சுத்தமான சுருதியில் எந்த ஸ்வரம் வைத்தாலும் டியூப்லைட் அபஸ்வரமாகத் தெரியும். அல்லது டியூப்லைட் சுத்தமாக ஒலிக்கும், நான் அபஸ்வரமாகத் தெரிவேன். இரண்டாவதுதான் நடந்தது.

கம்ப்யூட்டரில் மொத்த சுருதியையும் டியூப்லைட்டுக்குத் தக்கபடி ஏற்றினேன். இப்போது சேர்ந்தது, ஆனால் உயிரில்லை. மின்சாரத்தின் மேல் இன்னொரு மின்சாரம். ஊதுகிற ஆள் ஒருவர் வேண்டும், மூச்சு வேண்டும் என்று தோன்றியது. கல்யாணக் கச்சேரி வாசிக்கிற நாதஸ்வர நண்பர் ஒருவரிடம் சொன்னேன். ஒரே ஸ்வரம், நிறுத்தாமல், பத்துப் பன்னிரண்டு நிமிஷம். அவர் சிரித்தார். "அதுக்கு எதுக்கு நான்? செல்லூர்ல ஒத்துக்காரர் ஒருத்தர் இருக்காரு. உசுரோட இருக்காரான்னு பாத்துச் சொல்றேன்."

இளையவர்களுக்காக ஒரு வார்த்தை. சுருதிப் பெட்டி வருவதற்கு முன் நாதஸ்வரக் கச்சேரியில் சுருதிக்கென்றே ஒருவர் இருந்தார். அவர் கையில் நாதஸ்வரம் போலவே ஒரு குழல் இருக்கும், ஆனால் விரல் வைக்கத் துளை கிடையாது. கீழே மட்டும் சில துளைகள். அவற்றை மெழுகால் அடைத்தும் திறந்தும் சுருதி கூட்டுவார்கள். அதுதான் ஒத்து. ராத்திரி பூராவும் ஒரே ஸ்வரம், ஷட்ஜம். கன்னத்தில் காற்றைச் சேர்த்து வைத்துக்கொண்டு மூக்கால் இழுத்தபடியே ஊத வேண்டும், விட்டால் சுருதி அறுந்துவிடும். தில்லானாவுக்கு ஆள் ஆளாகத் தலையாட்டுவார்கள், ஒத்துக்காரரை யாரும் திரும்பிப் பார்த்ததில்லை. எலெக்ட்ரானிக் பெட்டி வந்ததும் சம்பளத்தில் ஒரு ஆள் மிச்சம் என்று அவர்களை நிறுத்திவிட்டார்கள். இன்று தமிழில் அந்த வாத்தியம் மிஞ்சியிருப்பது வசவாகத்தான். "அவனுக்கு ஒத்து ஊதாதே" என்று ஒரு நாளைக்கு ஒரு தடவையாவது டிவியில் கேட்கிறோம்.

பெரியவர் வந்தார். இரவு பதினொன்றேகால், துணைக்குப் பேரன். மஞ்சள் துணிப்பையில் ஒத்தும், ஒரு சின்ன டப்பாவில் சீவாளிகளும். காவிரிக்கரைக் கொறுக்கைத் தட்டையில் செய்த சீவாளி, வாயில் போட்டு ஊறவைத்தால்தான் பேசும். அவர் அதை வெற்றிலை மாதிரி கடைவாயில் ஒதுக்கிக்கொண்டே கேட்டார்:

"என்ன ராகம் தம்பி?"

"ராகமெல்லாம் இல்லீங்கய்யா. ஷட்ஜம் மட்டும் போதும்."

"அப்ப நம்ம வேலைதான்."

பரோட்டாக் கடை அடங்கக் காத்திருந்தோம். சும்மா இருப்பானேன் என்று வார்டுக் காட்சியை ஓடவிட்டேன். அந்தப் பெண் கட்டில் காலில் சாய்ந்து உட்கார்ந்திருக்கிறாள், புருஷன் தூங்குகிறான், மேலே டியூப்லைட். பெரியவர் படத்தைப் பார்க்கவில்லை. தலையைச் சாய்த்து ஸ்பீக்கர் பக்கம் காதை வைத்தார்.

"சுருதிப் பொட்டி நல்லாருக்கே. எந்தக் கம்பெனி?"

"அது சுருதிப் பெட்டி இல்லீங்கய்யா, டியூப்லைட்டு. சோக்கு சத்தம்."

"எதுவா இருந்தா என்ன, அசையாம நிக்குதுல்ல."

அவ்வளவுதான். பையிலிருந்து மெழுகை எடுத்தார். கட்டை விரலில் உருட்டிச் சூடாக்கி, கீழ்த் துளை ஒன்றைக் கால்வாசி அடைத்தார். ஊதினார். எடுத்தார். நகத்தால் கொஞ்சம் கீறிவிட்டார். சீவாளியை ஒரு நெல்லளவு உள்ளே தள்ளினார். மறுபடி ஊதினார். முதலில் ஒத்துக்கும் டியூப்லைட்டுக்கும் நடுவில் ஒரு அலை அடித்தது, வ்வா, வ்வா, வ்வா என்று. அலை மெதுவாகியது. இன்னும் மெதுவாகியது. பிறகு நின்றுவிட்டது. திரையில் இருந்த அளவுமானியைப் பார்த்தேன்: 300 ஹெர்ட்ஸ். டியூப்லைட்டின் மூன்றாவது மடங்கு. இரண்டு கட்டைக்கும் இரண்டரைக்கும் நடுவில், எந்த ஹார்மோனியத்திலும் இல்லாத இடத்தில், ஐம்பது வருஷம் ஷட்ஜத்தைத் தவிர வேறெதையும் ஊதாத ஒருவர் ஆஸ்பத்திரி விளக்கோடு சுருதி சேர்த்துவிட்டார். நான் மூன்று நாள் கம்ப்யூட்டரில் கிடந்து செய்த கணக்கு அது. அவருக்கு நாலு நிமிஷமும் ஒரு உருண்டை மெழுகும் ஆனது.

ஒரே டேக். பதினோரு நிமிஷம் இருபது விநாடி. எட்டாவது நிமிஷத்தில் சீவாளி ஈரம் ஏறிச் சுருதி மேலே போகப் பார்த்தது. 302 வரை போனபோது விநாடிக்கு இரண்டு தடவை அந்த அலை திரும்பவும் அடித்தது. காதில் அதைக் கேட்டு, உதட்டை இளக்கித் திரும்பக் கீழே கொண்டுவந்தார். அந்த இடத்தை நான் வெட்டவில்லை. படத்தில் அது எந்த இடம் தெரியுமா? புருஷன் கண் விழித்து, அவளை அடையாளம் தெரியாமல் பார்க்கிறான். அந்த நடுக்கத்தை நான் எழுதியிருந்தால் நன்றாகத்தான் எழுதியிருப்பேன், ஆனால் எழுதியது தெரிந்துவிடும்.

காட்சியின் முடிவில் இரவு நர்ஸ் வந்து விளக்கை அணைக்கிறாள். சோக் சத்தம் அறுகிறது. ஒத்து மட்டும் இருட்டில் ஒன்பது விநாடி நிற்கிறது. அதுவரை தியேட்டரில் யாருக்கும் ஒத்து ஊதுவதே தெரிந்திருக்காது. விளக்கு போனபிறகுதான் தெரியும்.

இயக்குநர் கேட்டார், கேட்டுவிட்டு நெடுநேரம் பேசவில்லை. பிறகு, "நல்லாருக்குண்ணே. சாவு சீன்ல மட்டும் உறுமி போட்ரலாமா?" என்றார். சண்டை போட்டேன். தோற்றேன். பிறகு கலவையின்போது அவரே எடுத்துவிட்டார். ஆனால் டிரெய்லரில் உறுமி இருக்கிறது. அதற்கு நான் பொறுப்பில்லை. போட்டது நான்தான், ஆனாலும்.

2024 ஆகஸ்டில் 'கொட்டுக்காளி' வந்தபோது எனக்கு வந்த போன்கள் கொஞ்சமல்ல. "பாத்தீங்களாண்ணே, மியூசிக்கே இல்லை. இனிமே ஒங்க பொழப்பு?" பி.எஸ். வினோத்ராஜ் நம் பக்கத்துக்காரர். மேலூர்ப் பக்கம் அரிட்டாபட்டியில் வெயிலில் எடுத்த அவருடைய 'கூழாங்கல்' 2021ல் ராட்டர்டாம் விழாவில் டைகர் விருது வாங்கியது. 'கொட்டுக்காளி'யை நான் தியேட்டரில் இரண்டு தடவை பார்த்தேன். பின்னணி இசை இல்லை என்பது உண்மை. ஆனால் ஆட்டோ எஞ்சின், சேவலின் கால் பிராண்டல் என்று எல்லாம் இருக்கிறது. சுரேன், அழகியகூத்தன் என்ற இரண்டு ஒலி வடிவமைப்பாளர்கள் ஒவ்வொன்றையும் எங்கே விடுவது, எங்கே பிடிப்பது என்று முடிவுசெய்து வைத்திருக்கிறார்கள். ஒரு இசையமைப்பாளர் செய்கிற வேலைதான் அது, வாத்தியம்தான் வேறு. எனக்கு அதில் வருத்தமே இல்லை. வருத்தம் அதற்கப்புறம் என்னிடம் வந்தவர்கள்மேல். "நாங்களும் மியூசிக் இல்லாமதாண்ணே பண்றோம்" என்பார்கள். போட்டுக் காட்டச் சொன்னால் காற்று மைக்கில் அடித்து, பக்கத்துத் தெரு ரேடியோ பாடி, வசனமே புரியாது. இசையில்லாத படத்துக்கு ஒலிப்பதிவுச் செலவு கூட ஆகும் என்பதை அவர்களுக்கு யாரும் சொல்லியிருக்கவில்லை. மௌனத்தைக் காசில்லாதவன் எடுக்க முடியாது. கஷ்டமான உண்மை, ஆனால் அப்படித்தான்.

ரெஃபரன்ஸ் மியூசிக் தொல்லையைப் பற்றித் தனியாகவே எழுதலாம். ஐஸ்லாந்துக்காரர் ஒருவரின் இசையைப் படத்தோடு ஒட்டி, ஆறு மாதம் எடிட் டேபிளில் கேட்டுப் பழகிவிட்டு, "இதே மாதிரி, ஆனா இது இல்லாம" என்று கொண்டுவருவார்கள். பாலு மகேந்திராவின் 'வீடு' படத்தில் இளையராஜாவின் 'ஹவ் டு நேம் இட்' இசைத்தொகுப்பிலிருந்தே பின்னணியை எடுத்தார்கள். தொகுப்பு வந்தது 1986, படம் 1988. ரெஃபரன்ஸ் பிடித்துப்போனால் அப்படி உரிமையோடு அதையே வைத்துக்கொள்ள வேண்டும், என்னைவிட்டு நகலெடுக்கச் சொல்லக் கூடாது.

பணக் கணக்கு. இந்தப் படத்துக்கு இசைக்கென்று பேசியது 60,000 ரூபாய். முன்பணம் இருபது வந்தது. அதில் பெரியவருக்கு ஐந்தாயிரம், ஆட்டோவும் டீயும் பேரனுக்குப் பரோட்டாவும் தனி. மீதி நாற்பதாயிரம் 'ரிலீஸ் முடிஞ்சதும்' என்றார்கள். படம் ஓடிடிக்கு விற்றது, தயாரிப்பாளரின் போன் நம்பர் மாறியது. கேட்கப் போனபோது நான் கையெழுத்திட்ட பத்திரத்தைக் காட்டினார்கள். 'எல்லா உரிமைகளும், எல்லா ஊடகங்களிலும், உலகம் முழுவதும், என்றென்றைக்கும்.' இருபது வருஷம் சுருதி பார்த்த கண் அந்த நாலு வரியைப் பார்க்கவில்லை.

வக்கீல் நண்பர் ஒருவர் பிறகு விளக்கினார். 2012ல் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்தியிருக்கிறார்கள். படத்துக்கு இசையமைத்தவரும் பாட்டெழுதியவரும், தியேட்டரில் படத்தோடு ஓடுவதைத் தவிர்த்த மற்றப் பயன்பாடுகளுக்கு வருகிற ராயல்டியில் தங்கள் சமபங்கை விட்டுக்கொடுக்க முடியாது. வாரிசுக்கோ பதிப்புரிமைச் சங்கத்துக்கோ தரலாம், தயாரிப்பாளருக்கு எழுதிக் கொடுத்தாலும் செல்லாது. சம்பளப் பாக்கிக்கு இது உதவாது, அது வேறு வழக்கு. ஆனால் 1969லிருந்து இருக்கிற ஐ.பி.ஆர்.எஸ். சங்கத்தில் உறுப்பினராகி, எந்த நிமிஷத்தில் எந்த இசை எத்தனை விநாடி என்று கியூ ஷீட் எழுதிக் கொடுத்து வைத்தால் என்றைக்காவது ஒரு தொகை வரும். எனக்கு வந்தது. தொகையைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது, வந்தது என்பதைச் சொல்ல இல்லை. பின்னணி இசைதானே என்று கியூ ஷீட் எழுதாமல் விடுகிற தம்பிகள் இந்த ஊரிலேயே நிறையப் பேர் இருக்கிறார்கள்.

டைட்டிலில் 'ஒத்து' என்று போட்டுப் பெரியவர் பெயரை எழுதச் சொன்னேன். அது ஏதோ உதவி வேலை என்று நினைத்து, தயாரிப்பு உதவியாளர்கள் பட்டியலில் சேர்த்துவிட்டார்கள். இரண்டு தடவை திருத்திய பிறகு சரியான இடத்துக்கு வந்தது. மதுரையில் நடந்த திரையிடலுக்கு அவர் வந்திருந்தார். படம் முடிந்ததும், "நான் ஊதுனது எங்க வந்துச்சு?" என்று பேரனிடம் கேட்டுக்கொண்டிருந்தார். இருட்டில் வந்த ஒன்பது விநாடியை அவன் சொன்னான். "லைட்டு அமந்ததுக்கப்புறமா?" என்று கேட்டுவிட்டு வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு கிளம்பினார்.

இப்போது அவருக்கு முன்பற்கள் விழுந்துவிட்டன. சீவாளியைப் பிடிக்க உதடு நிற்பதில்லை, ஒத்தை எண்ணெய் போட்டுத் துடைத்து வைத்திருக்கிறார். பேரன் ஐ.டி.ஐ.யில் எலெக்ட்ரீஷியன் படிக்கிறான். எனக்கு அடுத்த படத்துக்கு இருபது நிமிஷ ஒத்து தேவைப்படுகிறது. திருமங்கலம், மேலூர், சோழவந்தான் பக்கம் ஒத்து ஊதத் தெரிந்தவர் யாராவது இருந்தால், அல்லது இருக்கிறார் என்று கேள்விப்பட்டாலாவது, சொல்லி அனுப்புங்கள். கூலி முன்பணமாகவே தருவேன். தர்காப் பக்கம் வந்து மெத்தை சாத்திய ஜன்னல் எது என்று கேட்டால் காட்டுவார்கள், இரவு பதினொன்றுக்கு மேல் வரச் சொல்லுங்கள்.